12 வருஷமாக நடக்கும் பாக வழக்கு: கெடு கேட்டு உயர் நீதிமன்றம் போகலாமா?

வாதியின் மகள்:

வணக்கம். சட்டம் தெரிந்தவர்களும் கோர்ட்டில் அலைந்து பழகியவர்களும் வழி சொல்ல வேண்டும்.

அம்மாவுக்கு இப்போது 77 வயது. தாத்தா 1994-ல் இறந்தார். அவர் விட்டுப்போன நிலத்திலும் வீட்டிலும் பங்கு கேட்டு அம்மா 2013-ல் சப் கோர்ட்டில் பாகப்பிரிவினை வழக்கு போட்டார். பிரதிவாதிகள் மூன்று பேர், மூவருமே என் தாய்மாமன்கள். "அக்காவுக்குக் கல்யாணம் ஆனது 1989-க்கு முன்னால், அப்பா போனது 2005-க்கு முன்னால், பங்கு கிடையாது. அதோடு நாங்கள் மூவரும் எப்போதோ வாய்மொழியாகப் பாகம் பிரித்துக்கொண்டோம்" என்பது அவர்களுடைய எதிர்வழக்குரை. 1989-ல் தமிழ்நாட்டிலும் 2005-ல் நாடு முழுக்கவும் வந்த சட்டத் திருத்தங்கள்தான் குடும்பச் சொத்தில் மகளுக்கும் பங்கு தந்தவை.

இதில் சட்டமே நடுவில் இரண்டு முறை புரண்டது. 2005-ல் மகள் உயிரோடு இருந்தால் போதாது, அப்பாவும் இருந்திருக்க வேண்டும் என்று 2015-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2018-ல் வந்த தீர்ப்பு வேறு மாதிரி இருந்தது. கடைசியில் 2020 ஆகஸ்ட் 11-ல் மூன்று நீதிபதிகள் அமர்வு, மகளுக்குப் பிறப்பாலேயே உரிமை, அப்பா உயிரோடு இருந்தாரா என்பது கேள்வியே இல்லை என்று முடித்து வைத்தது. அதே தீர்ப்பின் கடைசிப் பகுதியில், இந்தக் குழப்பத்தால் தேங்கிப்போன வழக்குகளைக் கூடியமட்டும் ஆறு மாதத்துக்குள் முடியுங்கள் என்றும் இருக்கிறது. அந்தப் பக்கத்தை நகலெடுத்து அம்மா கைப்பையிலேயே வைத்திருக்கிறார். மடித்து மடித்து எழுத்தே அழிந்துவிட்டது.

ஆறு மாதம் ஐந்து வருஷமாகிவிட்டது. அம்மாவின் சாட்சியத்தை எழுத்தில் தரும் முதல் விசாரணைப் பிரமாணப் பத்திரம் தாக்கலானது 2022 நவம்பரில். அன்றிலிருந்து ஈ-கோர்ட்ஸ் செயலியில் ஒரே வரிதான்: "வா.சா.1 குறுக்கு". அதாவது வாதி தரப்பு முதல் சாட்சியான அம்மாவை எதிர்தரப்பு குறுக்கு விசாரணை செய்ய வேண்டிய கட்டம். ஒவ்வொரு வாய்தாவுக்கும் இரண்டு பஸ் மாறிப் போகிறார், வராந்தாவில் உட்கார்கிறார், தேதி வாங்கிக்கொண்டு திரும்புகிறார். 2013-லிருந்து மாமாக்களோடு பேச்சுவார்த்தை கிடையாது. பெரிய மாமா 2016-ல் இறந்தார், அதற்கும் போகவில்லை. சின்ன மாமாவை அந்த வராந்தாவில் பார்ப்பதோடு சரி.

என் கேள்விகள் மூன்று. அந்த ஆறு மாதம் எங்கள் வழக்குக்குப் பொருந்தாதா? சீக்கிரம் முடிக்கச் சொல்லி உயர் நீதிமன்றத்தில் உத்தரவு வாங்கலாம் என்கிறார்களே, வாங்கலாமா? அப்படி வாங்கினால், மேலே போய்ப் புகார் சொன்னதுபோல் ஆகி, கீழே நீதிபதி கோபித்துக்கொள்வாரா?

கறுப்புக் கோட்டு:

கடைசிக் கேள்விக்கு முதலில். கோபமெல்லாம் வராது. இப்படி உத்தரவுகள் வந்துகொண்டேதான் இருக்கும், யாரும் சொந்த விஷயமாக எடுத்துக்கொள்வதில்லை.

2020 தீர்ப்பில் உள்ளது பொதுவான வேண்டுகோள். "கூடியமட்டும்" என்ற சொல்லைக் கவனியுங்கள். உங்கள் ஓ.எஸ். எண்ணை (அசல் வழக்கு எண்ணை)க் குறிப்பிட்டு வந்த கட்டளை அல்ல. அதைக் காட்டி வேகம் கேட்கலாம், ஆறு மாதம் தாண்டிவிட்டது என்று யாரையும் குற்றம் சாட்ட முடியாது.

வழி உண்டு. அரசியலமைப்பின் 227-வது பிரிவில் உயர் நீதிமன்றத்துக்குக் கீழ் நீதிமன்றங்கள் மீது மேற்பார்வை அதிகாரம் இருக்கிறது. அதன்படி சி.ஆர்.பி. (சிவில் சீராய்வு மனு) போட்டு "இன்ன வழக்கை இத்தனை மாதத்துக்குள் முடிக்கும்படி உத்தரவிட வேண்டும்" என்று கேட்பார்கள். யாருடைய உரிமையையும் அதில் தீர்மானிக்கப் போவதில்லை என்பதால், பல நேரம் எதிர்தரப்புக்கு நோட்டீஸ்கூட இல்லாமல் முதல் நாளே முடிந்துவிடும். உங்கள் மாவட்டத்தைப் பொறுத்து சென்னையோ மதுரைக் கிளையோ.

ஆனால் முன்போல இது கேட்டதும் கிடைக்கும் என்று நினைக்க வேண்டாம். 2024 பிப்ரவரி 29-ல் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு ஒரு தீர்ப்பு தந்தது. இடைக்காலத் தடை ஆறு மாதத்தில் தானாகவே காலாவதியாகும் என்ற 2018 தீர்ப்பை ரத்து செய்ததால் அது செய்தியானது. அதிலேயே இன்னொன்றும் உண்டு: வேறு நீதிமன்றத்தில் இருக்கும் வழக்குக்கு அரசியலமைப்பு நீதிமன்றங்கள் (உச்ச, உயர் நீதிமன்றங்கள்) சாதாரணமாகக் கெடு விதிக்கக் கூடாது, அசாதாரணமான சூழ்நிலையில் மட்டுமே விதிக்கலாம். எந்த வழக்கை முதலில் எடுப்பது என்பதை அந்தந்த நீதிமன்றமே முடிவு செய்யட்டும் என்பது காரணம். 77 வயது, 12 வருஷம் என்பதால் உங்களுக்குச் சொல்வதற்கு விஷயம் இருக்கிறது. ஆனால் "வழக்கு ரொம்ப நாளாக நிற்கிறது" என்று மட்டும் எழுதினால் போதாது.

கட்டுத் தூக்கியவன்:

சகோதரி, நான் வக்கீல் இல்லை. கோர்ட் ஊழியனாக 31 வருஷம், அதில் பதினோரு வருஷம் நீதிபதிக்கு முன்னால் உட்கார்ந்து வழக்குகளை எடுத்துக் கொடுக்கும் பென்ச் கிளார்க். ஓய்வு பெற்றாயிற்று, இனி மனம் திறந்து சொல்லலாம்.

உயர் நீதிமன்ற உத்தரவு கீழே வந்து சேரும்போது என்ன நடக்கும் தெரியுமா? வழக்குக் கட்டின் மேலட்டையில் சிவப்பு மையால் கெடு தேதி எழுதுவோம். அந்தக் கட்டு தனி அடுக்குக்குப் போகும். அன்றாடப் பட்டியலில் அறுபது எழுபது வழக்கு இருக்கும். அதில் உட்கார்ந்து சாட்சி எடுக்க முடிவது இரண்டு, ரொம்பப் போனால் மூன்று. சிவப்பு மைக் கட்டு நாலைந்து இருந்தவரை அவை சட்டென்று நகர்ந்தன. நான் வேலையை விடும்போது அந்த அடுக்கில் பதினெட்டு கட்டு. அதற்குள்ளேயே எதை முதலில் எடுப்பது என்று நீதிபதி என்னிடம் கேட்டார். நான் என்ன சொல்ல? எந்தக் கெடு முந்தி முடிகிறதோ அதை என்றேன். முடிக்க முடியாததற்கு எல்லாம் காரணம் எழுதி, அவகாசம் கேட்டு மேலே கடிதம் போகும். அந்தக் கடிதங்களைத் தட்டச்சு செய்வதே ஒரு வேலையாகிவிட்டது.

இன்னொன்றும் என் மனதில் நிற்கிறது. அந்தப் பதினெட்டுக்கும் கீழே, சென்னைக்குப் போக வசதியில்லாதவர்களின் கட்டுகள் இருந்தன. அவர்களும் உங்கள் அம்மா வயதுதான். சிவப்பு மைக் கட்டு ஒன்று மேலே ஏறினால், அவர்களில் ஒருவருடைய தேதி கீழே இறங்கும். இது உங்களைத் தடுக்கச் சொன்னது இல்லை, உங்கள் இடத்தில் இருந்தால் நானும் போவேன்.

ஆனால் போவதற்கு முன் ஒரு வேலை செய்யுங்கள். வழக்கு ஏன் நின்றது என்று எண்ணிப் பாருங்கள். ஈ-கோர்ட்ஸில் விசாரணை வரலாறு இருக்கும், அது இல்லாத காலத்துக்கு உங்கள் வக்கீலின் டயரி இருக்கும். ஒவ்வொரு வாய்தாவும் யாரால் போனது என்று ஒரு நோட்டில் எழுதுங்கள். சிவில் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 17 ஒரு தரப்புக்கு மூன்று வாய்தாவுக்கு மேல் தரக் கூடாது என்கிறது. அது ஏட்டில் இருப்பது எல்லோருக்கும் தெரியும். நடந்தது என்ன என்பது உங்கள் நோட்டில்தான் தெரியும். எண்ணிவிட்டு வந்து சொல்லுங்கள்.

கெடு வாங்கியவன்:

நான் அந்த உத்தரவு வாங்கியவன். என் கதையையும் கேட்டுவிட்டு முடிவு செய்யுங்கள்.

வீட்டுக் காலிமனையில் ஒருவர் புகுந்துகொண்டார். சுவாதீனம் கேட்டு முன்சீப் கோர்ட்டில் வழக்கு. ஏழு வருஷம் பார்த்துவிட்டு உயர் நீதிமன்றம் போனேன். ஒரே நாளில் உத்தரவு: "நகல் கிடைத்த தேதியிலிருந்து ஆறு மாதத்துக்குள்." அன்று ராத்திரி நன்றாகத் தூங்கினேன். "நகல் கிடைத்த தேதியிலிருந்து" என்ற மூன்று சொற்களின் அர்த்தம் அப்புறம்தான் புரிந்தது. சான்றிட்ட நகல் கைக்கு வரவே ஐந்து வாரம். அதை ஒரு மெமோவோடு கீழ்க்கோர்ட்டில் தாக்கல் செய்கிற வரை கடிகாரமே ஓடவில்லை. நானே வாங்கி நானே கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும் என்று யாரும் எனக்குச் சொல்லவில்லை.

நாலாவது மாதம் வழக்கமான மாறுதலில் நீதிபதி போய்விட்டார். புதியவர் கட்டை முதலிலிருந்து படித்தார், அதில் தப்பு சொல்ல முடியாது. மேலும் மூன்று மாதம் அவகாசம் வந்தது. அதன் பிறகு வந்தது பாருங்கள் வேகம்! திங்கள், புதன், வெள்ளி. ஏழு வருஷம் நகராத வழக்கு என் சட்டையைப் பிடித்து இழுத்தது. இடத்தை அளந்த சர்வேயர்தான் எனக்கு முக்கிய சாட்சி. அவர் வேறு மாவட்டத்துக்கு மாறிப் போயிருந்தார், சம்மன் போய்ச் சேரவில்லை. ஒரு தேதி கேட்டோம், கொடுத்தார்கள். இரண்டாவது தேதி கேட்டபோது, "கெடு வாங்கி வந்தது நீங்கள்தானே" என்று சொல்லி என் பக்கத்து சாட்சியத்தை முடித்து வைத்தார்கள். மனையின் வடக்குப் பக்கம் நாலடி எனக்கு நிரூபணம் ஆகவில்லை என்று தீர்ப்பில் வந்தது. அது போனது போனதுதான்.

ஜெயித்த பாக்கி இடமாவது கைக்கு வந்ததா? அதற்கு ஈ.பி. (தீர்ப்பை நிறைவேற்றித் தரக் கேட்கும் மனு) போட்டு நாலாவது வருஷம் ஓடுகிறது. நிறைவேற்று மனுவை ஆறு மாதத்தில் முடிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2021-லேயே சொல்லிவிட்டது. 2025 மார்ச் 6-ல் இன்னொரு தீர்ப்பு. அதுவும் தமிழ்நாட்டு வழக்கு, 1986-ல் ஆரம்பித்தது. எல்லா உயர் நீதிமன்றங்களும் தங்கள் மாவட்டங்களில் எத்தனை ஈ.பி. நிற்கிறது என்று கணக்கெடுத்து, ஆறு மாதத்தில் முடிக்கச் சொல்லிச் சுற்றறிக்கை விட வேண்டும் என்று உத்தரவு. அக்டோபரில் கணக்கு வந்தது: நாடு முழுக்க 8,82,578. அதில் ஒன்று என்னுடையது. போன வாய்தாவில் இடத்தை மீட்டுத் தர கோர்ட் ஊழியரான அமீனா போனபோது எதிராளியின் மச்சினன் வாசலில் நின்று தடுத்து, தனக்கும் அதில் பாத்தியதை உண்டு என்று மனுப் போட்டிருக்கிறார். அதற்கு இனி ஒரு விசாரணை.

உத்தரவு வாங்காதீர்கள் என்று சொல்லவில்லை. வாங்குகிற அன்றைக்கு உங்கள் சாட்சிகள் எல்லோரும் கோர்ட் வாசலில் தயாராக நிற்க வேண்டும்.

வாதியின் மகள்:

கட்டுத் தூக்கிய ஐயா சொன்னபடி மூன்று ராத்திரி உட்கார்ந்து எண்ணினேன். மொத்தம் 118 வாய்தா.

நீதிபதி விடுப்பு அல்லது பணியிடம் காலி, 23. வழக்கறிஞர்கள் நீதிமன்றப் புறக்கணிப்பு, 11. கொரோனா காலத்தில் சும்மா தள்ளிப்போனது, 13. எதிர்தரப்பு கேட்டு வாங்கியது, 29. இதுவரை எழுதும்போது கோபம் கோபமாக வந்தது.

பெரிய மாமா இறந்த பிறகு அவருடைய வாரிசுகளைச் சேர்ப்பதற்கு மட்டும் 19. அவர்களைச் சேர்க்க மனுப் போட வேண்டியது வாதி, அதாவது நாங்கள். 90 நாளுக்குள் போட்டிருக்க வேண்டும். போடவில்லை. அதனால் தாமதத்தை மன்னிக்க ஒரு மனு, கெடு தாண்டியதால் அவரைப் பொறுத்தவரை வழக்கு அற்றுப்போனதை ரத்து செய்ய ஒரு மனு, வாரிசுகளைச் சேர்க்க ஒரு மனு. பெரிய அத்தையின் சரியான விலாசம் தெரியாமல் நோட்டீஸ் நாலு தடவை திரும்பி வந்திருக்கிறது. விலாசம் எனக்குத் தெரியும். என்னிடம் யாரும் கேட்கவில்லை, நானும் வழக்கில் என்ன நடக்கிறது என்று கேட்டதில்லை.

மீதி 23-ம் எங்கள் வக்கீல் அவகாசம் கேட்டது. ஆக 42 எங்கள் கணக்கில் வருகிறது, மாமாக்களுடையதை விடப் பதின்மூன்று அதிகம். அம்மாவிடம் இதை இன்னும் சொல்லவில்லை.

ஒரு சந்தேகம். அம்மாவுக்குப் பதில் நான் பவர் வாங்கி சாட்சி சொல்லிவிட்டால் முடிந்துவிடாதா?

கட்டுத் தூக்கியவன்:

நொந்துகொள்ள வேண்டாம். எந்தக் கட்டைப் பிரித்தாலும் இப்படித்தான் இருக்கும், என்ன, எண்ணிப் பார்க்கிறவர்கள் குறைவு. ஆனால் இந்த நோட்டோடு சி.ஆர்.பி. போட்டால், எதிர்தரப்பு ஆஜரானால், அவர்கள் எடுத்து நீட்டுவதும் இதே நோட்டைத்தான். அதை இப்போதே தெரிந்துகொண்டது நல்லது.

பவர் விஷயம் வக்கீல் சொல்லட்டும். எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன். பவர் ஏஜெண்ட் தன் கண்ணால் கண்டதைச் சொல்லலாம். வாதிக்கு மட்டுமே தெரிந்ததை வாதிக்குப் பதிலாகச் சொல்ல முடியாது. 1994-க்கு முன்னால் அந்த நிலத்தை யார் பார்த்தார்கள், வாய்மொழிப் பாகம் நடந்ததா இல்லையா என்பதற்கு உங்கள் அம்மாதான் வேண்டும். நல்லவேளை, வெறும் வாய்மொழிப் பாகம் என்று சொல்லித் தப்பிக்க முடியாது, அதற்கு அரசாங்க ஆவணம் மாதிரி உறுதியான ஆதாரம் வேண்டும் என்று உங்கள் அம்மா கைப்பையில் இருக்கும் அதே தீர்ப்பிலேயே இருக்கிறது. அதனால் பயந்து நிற்பது குறுக்கு விசாரணையில் அவர்கள்தான், அம்மா இல்லை.

அம்மாவைக் கூட்டிக்கொண்டு இரண்டு பஸ் மாறாதீர்கள். வயதையும் உடம்பையும் காட்டி, டாக்டர் சான்றிதழோடு, வீட்டிலேயே வந்து குறுக்கு விசாரணையைப் பதிவு செய்ய அட்வகேட் கமிஷனர் (கோர்ட் சார்பில் வரும் வக்கீல்) நியமிக்கச் சொல்லி ஒரு ஐ.ஏ. (இடைக்கால மனு) போடுங்கள். கட்டளை 26-ல் அதற்கு இடமிருக்கிறது. கமிஷனர் வந்துவிட்டால் நீதிபதி விடுப்பு, பட்டியலில் எழுபது வழக்கு என்ற கதையெல்லாம் அங்கே வராது. ஒரு வாரத்தில் முடிந்துவிடும். அன்றைக்கும் எதிர்தரப்பு வராவிட்டால் "குறுக்கு விசாரணை இல்லை" என்று பதிவாகும். அப்புறம் சாட்சியத்தை மறுபடி திறக்க ரீ-ஓபன், சாட்சியை மறுபடி அழைக்க ரீ-கால் என்று இரண்டு மனுவோடு ஓடி வருவார்கள், அதற்குச் செலவுத்தொகை கேளுங்கள்.

இத்தனைக்கும் பிறகு நின்றால் மேலே போங்கள். அப்போது உங்கள் நோட்டில் கடைசிப் பக்கம் சுத்தமாக இருக்கும்.

கறுப்புக் கோட்டு:

பவர் பற்றி அவர் சொன்னது சரி, 2004 டிசம்பர் முதலே உச்ச நீதிமன்றத்தின் நிலை அதுதான்.

ஒன்று மட்டும் சேர்க்கிறேன். பாக வழக்கில் முதல் தீர்ப்பு வந்ததும் முடிந்துவிட்டதாக நினைத்துவிடாதீர்கள். அது முதனிலைத் தீர்ப்பாணை, யாருக்கு எத்தனை பங்கு என்று மட்டும் சொல்லும். இடத்தை அளந்து பிரித்து இறுதித் தீர்ப்பாணை வர வேண்டும். முன்பு அதற்குத் தனியாக மனுப் போடுகிற வரை கட்டு ரெக்கார்டு அறையில் தூங்கும். 2022 ஜூன் 13-ல் உச்ச நீதிமன்றம், முதனிலைத் தீர்ப்பாணை தந்த கையோடு விசாரணை நீதிமன்றமே தானாக அடுத்த கட்டத்துக்குத் தேதி போட வேண்டும் என்று சொல்லியிருக்கிறது. தீர்ப்பு நாளன்று உங்கள் வக்கீல் அதை எழுந்து சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் பழைய வழக்கப்படி ரெக்கார்டு அறைதான்.

வாதியின் மகள்:

எல்லோருக்கும் நன்றி. சி.ஆர்.பி.யை இப்போதைக்கு நிறுத்தி வைத்திருக்கிறோம். கமிஷனர் மனு போன வாரம் தாக்கலாகி நம்பர் ஆகிவிட்டது. எதிர்தரப்பு ஆட்சேபணை சொல்ல ஜனவரி 8 வரை அவகாசம். ஒவ்வொரு வாய்தாவுக்கும் முதல்நாள் என்ன கட்டத்தில் நிற்கிறது என்று இப்போது நானே வக்கீல் ஆபீசில் கேட்டு எழுதிக்கொள்கிறேன். குமாஸ்தாவுக்கு என்னைப் பிடிக்கவில்லை.

42 என்பதை அம்மாவிடம் சொல்லிவிட்டேன். கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம் ஒரே ஒரு கேள்வி கேட்டார், எனக்குப் பதில் தெரியவில்லை, அதனால் இங்கே கேட்கிறேன். கமிஷனர் வீட்டுக்கு வந்து விசாரிக்கும்போது வக்கீல் மட்டும் வருவாரா, தம்பியும் வருவானா?

கட்டுத் தூக்கியவன்:

பிரதிவாதி கூட இருக்கலாம், அவருக்கு உரிமை உண்டு. பெரும்பாலும் வருவார்கள். நாற்காலி ஒன்று கூடுதலாகப் போட்டு வையுங்கள்.